கோல்கீப்பர் இல்லாத பெனால்டியை வெளியே அடித்த மேன் ஆஃப் த மேட்ச்! | ரக்பி லீக் 1967-68

ஃபுட்பாலில் கோல்கீப்பரே இல்லாத ஒரு பெனால்டி. அதைப் போட்டால் கோப்பை உங்களுக்கு. அதை ஒருவர் வெளியே அடிப்பாரா? கிட்டத்தட்ட அப்படி ஒரு உதையைத்தான் 1968-ல், 87,000 பேர் உட்கார்ந்திருந்த வெம்ப்லியில், வேக்ஃபீல்ட் அணியின் டான் ஃபாக்ஸ் தவறவிட்டார். கூத்து என்னவென்றால் அந்த ஃபைனலின் சிறந்த வீரர் விருதும் அவருக்குத்தான்!

வணக்கம் நண்பர்களே. இன்றைக்கு இங்கிலாந்து ரக்பி லீக்கின் 1967-68 சீசன்.

முன்கதையைச் சட்டென்று முடித்துவிடுகிறேன். ஆட்டத்துக்காக வேலைக்கு லீவு போட்டு வருபவர்களுக்கு இழந்த கூலியைக் கொடுக்கலாமா கூடாதா என்று 1895-ல் வந்த சண்டையில் வடக்கு இங்கிலாந்து கிளப்கள் தனியாகப் பிரிந்து வளர்த்த ஆட்டம் இது, பக்கத்துக்கு 13 பேர். எதிரணியின் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைத்தால் அது ட்ரை, அப்போது அதற்கு 3 புள்ளி; கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் 2. ட்ரை போட்ட அணிக்குக் கூடுதலாக அப்படி ஒரு உதையும் உண்டு. இந்த இரண்டு எண்களை மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள், போதும். லீக் பட்டியலில் லீட்ஸ் முதலிடம், ஆனால் பிளேஆஃப் ஃபைனலில் ஹல் கேஆரை 17-10 என வென்று சாம்பியன் ஆனது வேக்ஃபீல்ட் டிரினிட்டி. அடுத்து மே 11, சேலஞ்ச் கப் என்ற தனி நாக்அவுட் போட்டியின் ஃபைனலில் அதே லீட்ஸோடு மோதல். ஜெயித்தால் ஒரே சீசனில் இரண்டு பட்டம்.

சரி, இப்போது மழைக்கு வருவோம். மழையா அது! மைதானம் முழுக்கத் தண்ணீர் தேங்கி, ஆள் ஓடினால் பத்தடிக்குச் சறுக்கிக்கொண்டு போகிறார். இந்த மேட்சை இன்றைக்கும் வாட்டர்ஸ்பிளாஷ் ஃபைனல் என்றுதான் சொல்கிறார்கள். என்னைக் கேட்டால் ஆட்டத்தைத் தள்ளி வைத்திருக்க வேண்டும்.

இடைவேளையில் 7-4, வேக்ஃபீல்ட் முன்னிலை. அப்புறம் லீட்ஸின் அட்கின்சனை மறித்துவிட்டார்கள் என்று நடுவர் ஒரு ட்ரை கொடுக்க, வேக்ஃபீல்ட் ரசிகர்கள் அதற்கு இன்னும் முணுமுணுக்கிறார்கள். லீட்ஸின் ரிஸ்மன் இரண்டு முறை உதைத்துத் தள்ள, ஸ்கோர் 11-7. கதை முடிந்தது என்று எல்லோரும் நினைத்தார்கள். ஆட்டத்தை மறுபடி தொடங்கி வைத்த உதையில் பந்து தண்ணீரில் வழுக்கி ஓட, லீட்ஸ்காரர்கள் தடுமாற, வேக்ஃபீல்டின் கென் ஹர்ஸ்ட் அதைக் காலால் தட்டிக்கொண்டே துரத்திப்போய்க் கம்பங்களுக்கு நேராகவே ட்ரை போட்டுவிட்டார். 11-10! இனி நேர் எதிரே இருந்து ஒரு உதை, 2 புள்ளி, கோப்பை. கணக்கு புரிகிறதா?

இந்த இடம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். வேக்ஃபீல்டின் வழக்கமான உதைப்பாளர் டானின் தம்பி நீல் ஃபாக்ஸ். ரக்பி லீக்கில் அவரைவிட அதிகப் புள்ளி எடுத்தவர் இன்றுவரை கிடையாது, மொத்தம் 6,220. 1960 வெம்ப்லி ஃபைனலில் தனி ஆளாக 20 புள்ளி எடுத்த மனுஷன். அவர் காயத்தால் வெளியே. அதனால்தான் பந்து அண்ணன் காலுக்கு வந்தது. டான் சேற்றில் பந்தை நிறுத்துகிறார், நாலு எட்டு பின்னால் போகிறார், ஓடி வருகிறார். ஊன்றுகால் வழுக்குகிறது. பந்து கோணலாக வலப்பக்கம் போய்விட்டது. விசில். பிபிசி வர்ணனையில் எடி வேரிங் "பாவம் பையன்" என்றார், பிரிட்டனில் அது இன்னும் பிரசித்தம்.

விருதுக்கு வருவோம். அந்தச் சிறந்த வீரர் விருதுக்கு லான்ஸ் டாட் டிராஃபி என்று பெயர், அதற்கான ஓட்டைப் பத்திரிகையாளர்கள் ஆட்டம் முடியும் முன்பே போட்டுவிட்டார்கள். அதனால் டான் சேற்றில் தலைகுனிந்து நிற்கும்போதே விருது அவர் பெயரில் முடிவாகியிருந்தது. சிலர் இதைச் சொல்லிச் சிரிப்பார்கள், எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் குளத்தில் எண்பது நிமிஷம் எல்லோரையும்விட நன்றாக ஆடியவர் அவர்தானே?

வேக்ஃபீல்ட் கடைசியாக லீக் சாம்பியன் ஆனது அந்த சீசன்தான். சேலஞ்ச் கப்பை 1963-க்குப் பிறகு தொடவே இல்லை.

வீடியோ பிடித்திருந்தால் சப்ஸ்கிரைப் பண்ணுங்கள். கமென்டில் ஒன்று சொல்லுங்கள்: ஓட்டெடுப்பு விசிலுக்குப் பிறகு நடந்திருந்தால், நீங்கள் யாருக்குப் போட்டிருப்பீர்கள்? என் ஓட்டு அப்போதும் டானுக்குத்தான், சண்டைக்கு வருகிறவர்கள் வரலாம்.