கஸுகோ ஷிரகாவா: ஒரு ஸ்டுடியோவைத் தூக்கி நிறுத்திய நடிகை

நண்பர்களுக்கு வணக்கம். ஜப்பானிய சினிமா என்றதும் ஓசு, மிசோகுச்சி, குரோசாவா என்று மூன்று இயக்குநர்களைச் சொல்லி முடித்துவிடுவோம். இன்று நான் பேச வந்தது கஸுகோ ஷிரகாவாவைப் பற்றி. வயது வந்தோருக்கான படங்களின் நாயகி. பின்வரிசையில் சிரிப்புச் சத்தம் கேட்கிறது. சிரியுங்கள், ஆனால் எழுந்து போய்விடாதீர்கள்.

1958இல் ஜப்பானில் விற்ற சினிமா டிக்கெட் 112 கோடி. 1971இல் அது 21 கோடிச் சொச்சம். இடையில் வீட்டுக்கு வீடு டெலிவிஷன் வந்துவிட்டது. 1912இல் தொடங்கிய நிக்காட்சு ஸ்டுடியோ 1971 கோடையில் படப்பிடிப்பையே நிறுத்தியது. பெரிய நட்சத்திரங்கள் கிளம்பிப் போனார்கள். மிஞ்சியவர்கள் தளத் தொழிலாளர்களும் இளம் இயக்குநர்களும்தான். சின்ன பட்ஜெட், சில நாள் படப்பிடிப்பு, எழுபது நிமிடப் படம், நடுநடுவே படுக்கையறைக் காட்சி. ‘ரோமன் போர்னோ’ பிறந்தது அப்படி.

அதற்கு நாயகி வேண்டுமே! ஸ்டுடியோ நடிகைகள் பலர் தயங்கினார்கள். ஷிரகாவா 1967 முதலே ‘பிங்க் படம்’ எனப்பட்ட, சில்லறைக் கம்பெனிகள் எடுத்த வயது வந்தோர் படங்களில் நடித்துப் பழகியவர். 1971 நவம்பரில் வந்த முதல் ரோமன் போர்னோ படம் அவருடையது. அதில் அவர் ‘தன்சி’ எனும் அடுக்குமாடிக் குடியிருப்பில் அடைந்து கிடக்கும் மனைவி. கணவன் வேலை வேலை என்று ஓடுகிறான், பகல் நீள்கிறது. அந்தக் கட்டடங்கள் அன்றைய நடுத்தர வர்க்கத்தின் கனவு. அந்தக் கனவுக்குள் ஒரு பெண்ணுக்கு மூச்சு முட்டுவதை அந்த முகம் காட்டியது. பார்த்தால் பக்கத்து வீட்டுப் பெண் மாதிரிதான் இருப்பார். அவருடைய பலமே அதுதான் என்பேன். படம் ஓடு ஓடென்று ஓடியது. அடுக்குமாடி மனைவி கதைகள் ஒரு வரிசையாகவே தொடர்ந்தன.

1972இல் போலீஸ் புகுந்தது. சில படங்கள் ஆபாசம் என்று வழக்கு. இயக்குநர்கள், ஸ்டுடியோக்காரர்கள், படத்துக்குச் சான்று கொடுத்த தணிக்கையாளர்கள்கூடக் குற்றவாளிக் கூண்டில் நின்றார்கள். எல்லோரும் விடுதலையாகி வழக்கு ஓய 1980 ஆனது. கூண்டில் நின்ற இயக்குநர்களுக்குக் கருத்துரிமைப் போராளிகள் என்ற மரியாதை கிடைத்தது. வழக்கில் சிக்கிய படத்தின் நாயகி மரி தனாகாவுக்குப் பத்திரிகைகள் கொடுத்த பட்டம், ‘போலீஸ் தலைமையகத்தின் செல்லம்’! என் ஆதங்கம் இதுதான். ரோமன் போர்னோவைப் பற்றிப் பேசுகிறவர்கள் அதன் இயக்குநர்களில் ஒருவரான குமாஷிரோவைப் புகழ்வார்கள், பின்னாளில் ‘ரிங்’ என்ற பேய்ப்படத்தை எடுத்த ஹிடெயோ நகாடா அங்கே உதவி இயக்குநராக இருந்ததைச் சொல்வார்கள். கேமராவுக்கு முன்னால் நின்றவர்கள் அடிக்குறிப்பில் கிடப்பார்கள். இத்தனைக்கும் ஹிரோகோ இசயாமா இதே வகைப் படங்களில் நடித்து, 1972ஆம் ஆண்டின் சிறந்த நடிகை என ‘கினேமா ஜுன்போ’ சினிமாப் பத்திரிகையின் விருது வாங்கியவர்.

ஷிரகாவா 1973இல் திருமணம் செய்துகொண்டு விலகினார். விடைபெறும் படத்துக்கு அவர் வாழ்க்கையையே கதையாக்கி, தலைப்பில் அவர் பெயரையும் போட்டது நிக்காட்சு. வியாபார மூளைதான், மறுக்கவில்லை. ஆனால் பெயரைப் போட்டால் கூட்டம் வரும் என்ற நிலைக்கு எத்தனை நடிகைகள் வந்திருக்கிறார்கள்?

பிறகு திரும்பி வந்தார், குணச்சித்திர நடிகையாக. டெலிவிஷனிலும் சினிமாவிலும் அம்மா, பாட்டி வேடங்கள். கஸுயா ஷிராய்ஷி 2013இல் எடுத்த ஒரு குற்றப் படத்திலும் இருக்கிறார். நிக்காட்சு ரோமன் போர்னோவைப் புதுப்பித்தபோது, 2017இல் அதே ஷிராய்ஷியின் படத்தில் மறுபடி நடித்தார். அப்போது அவருக்கு வயது 69.