படுத்தால் மட்டும் கால் குடைகிறதா? இந்த 4 கேள்விகளைக் கேட்டுப் பாருங்கள்

பகலெல்லாம் ஓடியாடி வேலை பார்த்தபோது ஒன்றும் இல்லை. ராத்திரி விளக்கை அணைத்துப் படுத்ததும் கெண்டைக்காலுக்குள் என்னவோ செய்கிறது. நீட்டினாலும் சரிப்படவில்லை, மடக்கினாலும் சரிப்படவில்லை. எழுந்து நாலு எட்டு நடந்தால் அடங்குகிறது. படுத்தால் திரும்ப வருகிறது.

இதுதான் ரெஸ்ட்லெஸ் லெக்ஸ் சிண்ட்ரோம், அதாவது காலைச் சும்மா வைத்திருக்க விடாத கோளாறு. 1672இலேயே இங்கிலாந்து மருத்துவர் தாமஸ் வில்லிஸ் இதை எழுதிவைத்தார். 1945இல் சுவீடனின் கார்ல் எக்போம் இந்தப் பெயரைக் கொடுத்தார். வரலாறு போதும்.

எனக்கு வியப்பு நம்முடைய சொல்தான். பூச்சி ஊர்கிறது, எலும்புக்குள் அரிக்கிறது, உள்ளே இழுக்கிறது என்று பலரும் பலவிதமாகச் சொல்லித் தவிக்கிறார்கள். நாம் 'குடைச்சல்' என்கிறோம். தோலில் இல்லை, உள்ளே ஆழத்தில் என்பது அந்தச் சொல்லிலேயே இருக்கிறது. பாட்டி காலில் துணியை இறுக்கிக் கட்டுவாரே, பேரனை ஏறி மிதிக்கச் சொல்வாரே, நினைவிருக்கிறதா? அழுத்தினால் சிலருக்குக் கொஞ்ச நேரம் இதமாக இருக்கும்.

ஆனால் மூட்டு வலியையும் நாம் குடைச்சல் என்றுதான் சொல்கிறோம். டாக்டரிடம் அந்த ஒரு வார்த்தையோடு நிறுத்தினால் வலி மாத்திரையோடு திரும்ப வேண்டியிருக்கும். அதனால் இதைக் கவனியுங்கள்: காலை அசைத்தே ஆகவேண்டும் என்று தோன்றுகிறதா? சும்மா இருக்கும்போது அதிகமாகிறதா? நடந்தால் குறைகிறதா? சாயங்காலத்துக்கு மேல் மோசமாகிறதா? நான்குக்கும் ஆமாம் என்றால் சந்தேகம் வலுக்கிறது. சதை கல் மாதிரி இறுகிச் சுண்டி இழுத்தால் அது குரக்களி, வேறு விஷயம். சர்க்கரை நோயில் வரும் பாத எரிச்சல் நடந்தால் பெரும்பாலும் போகாது.

அப்புறம் இரும்புச்சத்து. அது குறைந்தாலும் இந்தக் குடைச்சல் வரலாம். ஹீமோகுளோபின் சரியாக இருந்தும் உடம்பின் இரும்புச் சேமிப்பு குறைவாக இருக்கலாம். அதைக் காட்டுவது ஃபெரிட்டின் என்ற ரத்தப் பரிசோதனை. கர்ப்பத்தின் கடைசி மாதங்களிலும், டயாலிசிஸ் செய்பவர்களுக்கும் இந்தத் தொல்லை அதிகம். சில அலர்ஜி மாத்திரைகளும் வாந்தி மாத்திரைகளும் இதைக் கூட்டும். பரிசோதிக்காமல் இரும்பு மாத்திரை வாங்கிப் போடாதீர்கள், தயவுசெய்து.

டாக்டரிடம் போகும்போது இப்படிச் சொல்லுங்கள்: "படுத்தால் குடைகிறது, நடந்தால் போகிறது, ராத்திரியில்தான் அதிகம். ஃபெரிட்டின் பார்க்கலாமா?" உங்கள் ஊரில் இதற்கு வேறு சொல் இருந்தால் கமெண்டில் எழுதுங்கள், எல்லாவற்றையும் படிப்பேன்.