சொல்லச் சொல்ல ஒரு நாவல்

(திருவல்லிக்கேணியில் வாசகர் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம். ஃபேன் சத்தத்தில் கடைசி வரிசைக்குக் கேட்கிறதா? சரி.

மைக் பரவலாக வராத காலத்தில் மேடையேறிய இதே திருவல்லிக்கேணிக்காரர் ஒருவரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். வை.மு. கோதைநாயகி அம்மாள். 115 நாவல் எழுதியவர் என்றுதான் எல்லோரும் ஆரம்பிப்பார்கள். என்னைப் பிடித்து நிறுத்துவது வேறு விஷயம். முதல் புத்தகம் வந்தபோது அந்த அம்மாளுக்கு எழுத வராது.

1901 டிசம்பர் 1 அன்று பிறந்தார். 1907இல், ஐந்தரை வயதில் கல்யாணம். மாப்பிள்ளை பார்த்தசாரதிக்கு ஒன்பது வயது. பள்ளிக்கூடம் என்ற பேச்சே எழவில்லை. ஆனால் கதை சொல்வார். அக்கம்பக்கத்துக் குழந்தைகள் சுற்றி உட்கார்ந்துகொள்ளும். கணவர் நாடகம் பார்க்க அழைத்துப் போவார். பார்த்துப் பார்த்து, நாமும் ஒன்று செய்தால் என்ன என்று தோன்றியிருக்கிறது. இவர் சொல்ல, தோழி பட்டம்மாள் எழுதினார். அப்படி உருவான 'இந்திர மோகனா' நாடகம் 1924இல் அச்சேறியது.

சொல்லி எழுத வைப்பது லேசுப்பட்ட காரியம் இல்லை. ஒரு தடவை எனக்குக் கை முறிந்து மாவுக்கட்டுப் போட்டிருந்தார்கள். பத்திரிகைக்குக் கட்டுரை கொடுக்க வேண்டும். மருமகளை உட்கார வைத்துச் சொல்லிக்கொண்டே போனேன். பத்து நிமிஷம் ஆகியிருக்காது, "மாமா, நீங்க ஆரம்பிச்ச வாக்கியம் இன்னும் முடியவே இல்லையே!" என்றாள். எழுதினால் விட்டது எங்கே என்று கண் பார்த்துக்கொள்ளும். சொல்லும்போது முழு வீட்டையும் காதிலேயே கட்ட வேண்டும். யார் உள்ளே வந்தார், யார் கோபித்துக்கொண்டு போனார், எல்லாம் நினைவில் நிற்க வேண்டும். மேடைக்கு வேண்டிய பயிற்சியும் இதுதானே?

அவருடைய பாத்திரங்கள் பிரசங்கம் செய்கிறார்கள் என்று குறை சொல்வார்கள். செய்கிறார்கள்தான். நானே பக்கங்களைத் தள்ளிப் படித்திருக்கிறேன். ஆனால் வாசலில் நின்று இரண்டு பெண்கள் பேசிக்கொள்ளும் இடம் வந்துவிட்டால் தள்ள முடியாது. அங்கே எழுத்தே இல்லை, குரல்தான்.

1925இல் 'ஜகன்மோகினி' பத்திரிகை அவர் கைக்கு வந்தது. அதே வருஷம் காந்தி சென்னை வந்தார். அவரைச் சந்தித்த பிறகு பட்டும் நகையும் போய்க் கதர் வந்தது. ஊர் ஊராகக் காங்கிரஸ் மேடைகளும் வந்தன. பேசுவார், பாரதி பாட்டுப் பாடுவார். மேடையேறிய முதல் பெண் இவர்தானா என்ற பட்டிமன்றத்துக்கு நான் வரவில்லை. மடிசார் கட்டிய திருவல்லிக்கேணி ஐயங்கார் வீட்டு மருமகள் தெருவில் இறங்கிக் கள்ளுக்கடை முன்னால் மறியல் செய்தார் என்பதே எனக்குப் போதும். சிறைக்கும் போனார். உள்ளேயும் நாவல் எழுதினார். வெளியே கணவர் பத்திரிகையைப் பார்த்துக்கொண்டார். அந்த மனிதரைப் பற்றித் தனியாக ஒரு கூட்டம் போட வேண்டும்.

யுத்த காலத்தில் குண்டுக்குப் பயந்து சென்னையே காலியானபோது சிங்கப்பெருமாள் கோயிலுக்குக் குடிபோய், அங்கிருந்தும் 'ஜகன்மோகினி'யை நடத்தினார். ஒரே மகன் இறந்துபோனதுதான் அவரை முடக்கியது. அப்புறம் காசநோய். 1960 பிப்ரவரி 20 அன்று தாம்பரம் சானடோரியத்தில் காலமானார். ஆறு வருஷம் கழித்து அவருடைய 'தயாநிதி' நாவல்தான் 'சித்தி' படமாக வந்தது. படம் பார்த்து அழுத என் அம்மாவுக்கு, கதை எழுதியவர் இரண்டு தெரு தள்ளி இருந்தவர் என்று தெரியாது.

என் பாட்டி கோணி ஊசியால் தைத்து வைத்த 'ஜகன்மோகினி' தொகுப்பு ஒன்றைக் கொண்டு வந்திருக்கிறேன். மேஜைமேல் இருக்கிறது. வந்து பாருங்கள். மெதுவாகப் புரட்டுங்கள், தாள் அப்பளம் மாதிரி ஒடிகிறது.