மீசையை விடுங்க, பதிவுத் தேதியைப் பாருங்க

வணக்கம் மக்களே. பின்னாடி கேக்குறது கபடி மைக்செட்டு. காரைக்குடிப் பக்கம் ஒரு திடல்ல பதினாலு வயசுக்குட்பட்டோர் ஆட்டம் ஓடுது. "பதினாலாம், மீசையைப் பாரு"ன்னு, வயசைக் குறைச்சுக் காட்டி ஆட வந்துட்டாங்கன்னு கூட்டத்துல ஒரே முணுமுணுப்பு. அதை ஷார்ட்ஸா எடுத்துப் போட்டா செய்தி ஆயிடாது. சிலருக்குப் பன்னெண்டுலயே மீசை எட்டிப் பாக்கும்.

செய்தி எடுக்குற நீங்க வயசு மோசடியைத் தோண்டணும்னா பிறப்புச் சான்றிதழ்ல 'பதிவு தேதி'க்குப் போங்க. குழந்தை பிறந்த 21 நாளுக்குள்ள பதியணும். ஒரு வருஷம் தாண்டிட்டா மாஜிஸ்திரேட் உத்தரவு வேணும். 2011 பிறப்புக்கு 2022ல பதிவுன்னா, எந்த ஆவணத்தை வச்சு அந்த உத்தரவு வாங்குனாங்கங்கிறதுதான் உங்க கேள்வி. இதுலயே ஒரு குழி இருக்கு. பிறப்பை நேரத்துக்குப் பதிஞ்சிட்டு, பேரை மட்டும் 15 வருஷம் வரைக்கும் பின்னாடி சேக்கலாம். நகல் வழங்கிய தேதியும் வேற. இந்த மூணையும் குழப்பிக்கிட்டு "மாட்டுனான்"னு குதிச்சா, மாட்டுறது நீங்கதான்.

அடுத்தது ஒண்ணாம் வகுப்பு சேர்க்கைப் பதிவேடு. அப்புறம் கூடப்பிறந்தவங்க தேதி. ஒரே தாய் வயித்துப் பிள்ளைங்க ரெண்டு பேருக்கு அஞ்சு மாச வித்தியாசம்னா எங்கயோ பேனா வேலை செஞ்சிருக்கு. ஆதாரை நம்பாதீங்க, வயசுக்கு அது ஆதாரம் ஆகாதுன்னு 2024ல உச்ச நீதிமன்றமே சொல்லிடுச்சு.

எலும்புச் சோதனைன்னா இடது கை, மணிக்கட்டோட சேத்து எக்ஸ்ரே. டி.டபிள்யூ.3ன்னு (டேனர்-வைட்ஹவுஸ்) எலும்பை வச்சு வயசைக் கணிக்கிற ஒரு முறை, அதுல 13 எலும்போட வளர்ச்சியைப் பாத்து மார்க் போடுவாங்க. அதுல வர்றது எலும்போட வயசு, பிறந்த தேதி இல்ல. நல்ல சாப்பாடு, சீக்கிரம் பருவம் வர்ற உடம்புன்னா நிஜ வயசை விட ஒரு வருஷம் கூடவே காட்டலாம். விளிம்புல நிக்கிற பையனை இதை மட்டும் வச்சுத் தள்ளுறது அநியாயம்தான்.

இதெல்லாம் கைக்கு எப்படி வரும்? பத்து ரூபா கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டித் தகவல் உரிமை மனு போடலாம், அரசு நடத்துற போட்டின்னா மட்டும். கோயில் திருவிழா கமிட்டிக்கு அது செல்லாது. பையனோட சான்றிதழைக் கேட்டா தனிப்பட்ட விவரம்னு மறுப்பாங்க, மறுக்கவும் வேணும். நுழைவுப் படிவங்களைச் சரிபாத்த அலுவலர் என்ன பதவி, எந்தத் தேதியில பாத்தாரு, என்ன விதிப்படின்னு கேளுங்க. 200 படிவத்தை ஒரே நாள்ல ஒரே ஆள் கையெழுத்துப் போட்டுத் தள்ளியிருந்தா உங்க கதை அங்கதான் இருக்கு. 30 நாள்ல பதில் வரலைன்னா முதல் மேல்முறையீடு.

ஏன் பெரியவங்களையே குறி வைக்கச் சொல்றேன்? தமிழ்நாட்டு அரசு வேலையில விளையாட்டு ஒதுக்கீடு 3 சதவீதம். சான்றிதழுக்கு மதிப்பு அங்கேயிருந்து வருது. பள்ளிக்கூடத்துக்குக் கோப்பை, கோச்சுக்குப் பேரு. பதிமூணு வயசுப் பய தானாப் போயி அபிடவிட்டு எழுதலை. கோச்சுகிட்ட கேள்வியை எழுத்துல குடுங்க, பதில் சொல்ல நாள் குடுங்க, அதுக்கப்புறம் வெளியிடுங்க.

பக்கத்துப் புதுக்கோட்டைச் சாந்தி சௌந்தரராஜனை மறந்துடாதீங்க. 2006 தோஹா ஆசிய விளையாட்டு, 800 மீட்டர்ல வெள்ளி. பாலினச் சோதனை விவரம் ஊடகத்துல ஊர்வலம் போச்சு, பதக்கமும் போச்சு. ஒருத்தரோட உடம்பை நாம செய்தியாக்குன லட்சணம் அது.

எடிட்டிங்ல முகத்தை மட்டும் மங்கலாக்கிட்டு விட்டுடாதீங்க. பனியன் நம்பர், பள்ளிக்கூடத்துப் பேரு, பின்னாடி தெரியிற ஃப்ளெக்ஸ், மைக்ல கூப்பிடுற குரல், எல்லாத்தையும் எடுங்க. இந்தப் பக்கம் நம்பர் ஒண்ணு தெரிஞ்சாப் போதும், சாயங்காலத்துக்குள்ள டீக்கடையில வீட்டு விலாசமே சொல்லிடுவாங்க.