கறந்த மாட்டுக்குப் பெயர் வையுங்கள்

மதிப்புக்குரிய தலைவர் அவர்களே, விடாமல் போன் போட்டு என்னை மேடையேற்றிய செயலாளர் அவர்களே, எனக்கு முன்னால் பேசி என் நேரத்தையும் சேர்த்து எடுத்துக்கொண்ட இயக்குநர் நண்பரே, முன்வரிசைத் தயாரிப்பாளர்களே (இன்று எனக்கு உங்களிடம்தான் வேலை), பின்வரிசையில் ஹெட்போனைக் கழுத்தில் மாட்டியிருக்கும் தம்பி தங்கைகளே, வணக்கம்.

சுயாதீனப் படங்களில் சோதனை இசை, அதாவது வழக்கமான பாட்டு வாத்தியத்தை விட்டுப் புதுப்புதுச் சத்தங்களைத் தேடும் இசை, அதைப் பற்றி மூன்று விஷயம் பேச வந்தேன். இசைக்காரர் எப்போது உள்ளே வரவேண்டும், மௌனத்தை என்ன செய்வது, பெயரும் காசும்.

முதலாவது. ஆடுற மாட்டை ஆடிக் கறக்கணும், பாடுற மாட்டைப் பாடிக் கறக்கணும். நாம் என்ன செய்கிறோம்? எடிட்டிங்கில் வேறொரு படத்தின் இசையைத் தற்காலிகமாக ஒட்டுகிறோம். இருபது தடவை கேட்டதும் காது அதற்கே அடிமை. பிறகு நம் ஆளைக் கூப்பிட்டு, "இதே மாதிரி, ஆனா வேற மாதிரி" என்கிறோம். பிரெஞ்சு இயக்குநர் லூயி மால் தன் படத்துக்கு 1957 டிசம்பரில் பாரிஸ் ஸ்டுடியோ ஒன்றில் காட்சிகளைத் திரையில் ஓடவிட்டு, ஜாஸ் டிரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸை எதிரே நிறுத்தினார். டிரம்பெட் படத்தைப் பார்த்துப் பார்த்துப் பேசியது. ஒரே ராத்திரியில் வேலை முடிந்தது.

இங்கே ஒரு கதை சொல்லியே ஆகவேண்டும். நியூயார்க்கில் லூயி பாரன், பீபி பாரன் என்று ஒரு தம்பதி. கல்யாணப் பரிசாக வந்தது ஒரு டேப் ரெக்கார்டர். வீட்டிலேயே ஸ்டுடியோ போட்டார்கள். கணவர் சர்க்யூட் கட்டுவார், மின்சாரத்தை அளவுக்கு மேல் ஏற்றுவார். அது முனகும், கீச்சிடும், அலறும், கடைசியில் கருகிச் செத்துப்போகும். செத்தது மறுபடி பாடாது. டேப்பில் இருப்பதுதான் மிச்சம். மனைவி மணிக்கணக்காக அந்த டேப்பைக் கேட்டு, இது அழுகை, இது பயம் என்று பொறுக்கி எடுப்பார். பாடுற மாடு செத்துக்கொண்டே பாடினால் எப்படிக் கறப்பது, பாருங்கள்! 1952-இல் இயக்குநர் இயன் ஹ்யூகோவின் குறும்படத்துக்கு இசை தந்தார்கள். 1956-இல் பெரிய ஸ்டுடியோவின் அறிவியல் புனைகதைப் படம் 'ஃபர்பிடன் பிளானட்', முழுக்க மின்னணு இசை. டைட்டில் கார்டில் 'இசை' என்று போட்டார்களா? இல்லை. இசைக் கலைஞர் சங்கத்தோடு தகராறு வருமென்று 'மின்னணுத் தொனிகள்' என்று போட்டார்கள். ஐயா, வாத்தியம் கருகினது போதாதா, பெயருமா கருகணும்?

ஆகவே தயாரிப்பாளர்களே, க்யூ ஷீட் எழுதுங்கள். எந்த இசை, எத்தனை நிமிடம், எத்தனை வினாடி, யார் போட்டது என்று ஒரு தாள், அவ்வளவுதான். படம் தொலைக்காட்சியில் ஓடும்போது இசையமைப்பாளர்களுக்காகக் காசு வசூலிக்கும் உரிமைச் சங்கம் அதைப் பார்த்துத்தான் ராயல்டியைப் பிரிக்கிறது. தாள் இல்லையென்றால் காசும் இல்லை. துருப்பிடித்த தகரத்தில் மைக் ஒட்டி எடுத்த நாற்பது வினாடி உறுமலும் இசைதான். அதை 'எஃபெக்ட்' என்று எழுதித் தள்ளிவிடாதீர்கள். பாடிக் கறந்தாயிற்று, தீனி யார் வைப்பது?

மௌனம் பற்றி... தலைவர் மணி பார்க்கிறார். சரி, அதை மௌனமாகவே விட்டுவிடுகிறேன். க்யூ ஷீட் மாதிரித் தாள் ஐம்பது பிரதி வாசல் மேசையில் வைத்திருக்கிறேன். தயாரிப்பாளர்கள் எடுக்காமல் வெளியே போகக்கூடாது, அங்கேயேதான் நிற்பேன். வணக்கம்.