பங்காளிச் சண்டையில் போன ராஜ்ஜியம்

நடுவர் அவர்களே, குடியாத்தத்துப் பெரியோர்களே, தாய்மார்களே, அனைவருக்கும் வணக்கம்.

'நாட்டின் போக்கைத் தீர்மானிப்பது குடும்பமா, போர்க்களமா?' இதுதான் தலைப்பு. குடும்பமே என்று பேச வந்திருக்கிறேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணி அண்ணன், 1751இல் ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியின் ராபர்ட் கிளைவ் சுமார் 500 பேரோடு ஆற்காட்டைப் பிடித்து, 50 நாள் முற்றுகையைத் தாங்கிய கதையைச் சொன்னார். அங்கே வெடித்த பீரங்கிதான் நம் தலையெழுத்தை மாற்றியது என்று முடித்தார். கைதட்டல் வாங்கினார், நானும்தான் தட்டினேன். ஆனால் கிளைவுக்கு ஆற்காட்டில் என்ன வேலை, அவரை உள்ளே இழுத்துவிட்டது யார் என்பதைச் சொல்லாமலே அமர்ந்துவிட்டார்.

நான் சொல்கிறேன். ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கானுக்குப் பிள்ளை இல்லை. சகோதரர் மகன் தோஸ்த் அலியைத் தமக்குப் பின் நவாப் ஆக்கினார். இன்னொரு சகோதரர் மகன் பாகர் அலிக்கு வேலூர்க் கோட்டை. தோஸ்த் அலியின் மாப்பிள்ளைகளில் ஒருவர் சந்தா சாகிப். இன்னொருவர் பாகர் அலியின் மகன் முர்துசா அலி. பெண் கொடுத்து, பெண் எடுத்து, ஆற்காடும் வேலூரும் திருச்சியும் ஒரே வீடாக இருந்தன.

1740இல் தாமல்செருவுக் கணவாயில் மராட்டியரோடு போர். தோஸ்த் அலி மாண்டார். இதோ களம் வந்துவிட்டது என்று அண்ணன் நிமிர்ந்து உட்காருகிறார். உட்காரட்டும். அந்தப் போரில் நவாப்தான் போனார், ராஜ்ஜியம் போகவில்லை. அது போனது அதற்குப் பிறகு, வீட்டுக்குள். மராட்டியருக்குத் தருவதாக ஒப்புக்கொண்ட பணத்தில் முர்துசா அலியின் பங்கை, தோஸ்த் அலியின் மகனான புது நவாப் சப்தர் அலி கேட்டார். கேட்டவர் மைத்துனர், கேட்கப்பட்டவர் சகோதரியின் கணவர். 1742இல் வேலூர்க் கோட்டையில், உறவுக்காரர் வீடு என்று தங்கியிருந்த சப்தர் அலியைக் கொன்றுவிட்டார்கள். அவருடைய சிறு வயது மகனை 1744இல் ஆற்காட்டில் ஒரு திருமண வீட்டில் குத்திக் கொன்றார்கள். நடுவர் அவர்களே, இந்த இரண்டு கொலையிலும் பீரங்கி எங்கே இருக்கிறது?

வீட்டில் ஆள் இல்லாமல் போன இடத்தில்தான் ஐதராபாத் நிஜாமின் ஆள் அன்வருதீன் நவாப் ஆனார். சந்தா சாகிப் சும்மா இருப்பாரா? மாமனார் வீட்டுச் சொத்து அல்லவா! அவர் பிரெஞ்சுக்காரர்களோடு சேர்ந்ததற்கும் வீட்டுக் காரணம் ஒன்று உண்டு. 1740இல் அவருடைய மனைவியும் மகனும் புதுச்சேரியில்தான் அடைக்கலம் புகுந்திருந்தார்கள். மராட்டியர் மிரட்டியும் பிரெஞ்சு கவர்னர் அவர்களை ஒப்படைக்கவில்லை. அந்த நன்றியில் தொடங்கியது பின்னாளில் படை உறவு ஆனது. 1749இல், இதோ பஸ் ஏறினால் போய்விடலாம், ஆம்பூரில் அன்வருதீனைக் கொன்றார்கள். அவர் மகன் முகமது அலி திருச்சிக்கு ஓடி ஆங்கிலேயர் கையைப் பிடித்தார். அதே நேரத்தில் ஐதராபாத்தில் நிஜாமின் மகன் நாசர் ஜங்கும், மகள் வயிற்றுப் பேரன் முசாபர் ஜங்கும் அரியணைக்காக அடித்துக்கொண்டார்கள். தாய்மாமனும் மருமகனும்! இந்த இரண்டு வீட்டுச் சண்டைக்கு நடுவில் புகுந்தவர்தான் அண்ணன் புகழ்ந்த கிளைவ்.

பாகப்பிரிவினை வழக்குக்காக வருடக்கணக்கில் சத்துவாச்சாரி கோர்ட்டுக்கு நடந்து, கடைசியில் செலவுக்கே நிலத்தை விற்ற பங்காளிகளை இந்தக் கூட்டத்தில் பலரும் பார்த்திருப்பீர்கள். முகமது அலி செய்தது அதுதான். வழக்கில் வென்றார், கம்பெனிக்கும் கம்பெனிக்காரர்களுக்கும் கடன்பட்டே காலம் தள்ளினார். 1801இல் ஆற்காட்டு நவாபின் கர்நாடக ராஜ்ஜியம் முழுவதும் கம்பெனியிடம் போயிற்று. அந்த வருடம் அதற்காக எந்தக் களத்திலும் போர் நடக்கவில்லை என்பதை எதிரணி குறித்துக்கொள்ளட்டும்.

எதிரணி அம்மையார் 1806 ஜூலை 10 வேலூர்ப் புரட்சியை எடுத்துக்காட்டினார். அதுவும் எங்கள் கட்சிதான், அம்மா. சிப்பாய்களைக் கொதிக்க வைத்தது சம்பளமா, துப்பாக்கியா? நெற்றியில் குறி இடாதே, காதில் கடுக்கன் போடாதே, தாடியை ஒழுங்குபடுத்து, இந்தப் புதுத் தலைப்பாகையை வை என்ற உத்தரவு. அப்பாவும் அம்மாவும் பழக்கியதில் கம்பெனி கை வைத்தது. அதே கோட்டைக்குள் திப்புவின் பிள்ளைகள் காவலில் இருந்தார்கள்; முந்தைய நாள்தான் திப்புவின் மகளுக்குத் திருமணம்.

அதே கோட்டைக்கு 1816இல் இன்னொரு கைதி வந்தார், கண்டியின் கடைசி மன்னர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன். அவருடைய நினைவிடமான முத்துமண்டபம் பாலாற்றங்கரையில் இருக்கிறது. அமைச்சர் எகலப்பொல ஆங்கிலேயரிடம் ஓடியதற்காக, 1814இல் அவருடைய மனைவி மக்களைக் கொல்ல உத்தரவிட்டார் மன்னர். பிரதானிகள் முகம் திருப்பிக்கொண்டார்கள். அதற்கு முன் 1803இல் கண்டியில் படையோடு வந்து தோற்றுப்போன ஆங்கிலேயர், 1815இல் பெரிய சண்டை இல்லாமலே நுழைந்தார்கள். மலையும் காடும் படையும் அப்படியே இருந்தன. இடையில் நடந்தது ஒரு குடும்பத்தின் கொலை.

குடியாத்தத்துக்காரர்களுக்கு இதை நான் புதிதாகச் சொல்லவேண்டியதே இல்லை. வைகாசி முதல் நாள் கெங்கையம்மன் சிரசைத் தோளில் சுமப்பவர்கள் நீங்கள். அம்மனை வணங்கித்தான் சொல்கிறேன்: கணவன் சந்தேகப்பட்டான், தகப்பன் கட்டளையிட்டான், மகன் பரசுராமன் தாய் ரேணுகையை வெட்டினான். ஏன் என்று கேட்க அந்த வீட்டில் இடமில்லை. அதே மகன்தான் பின்னால் கோடரியோடு புறப்பட்டு இருபத்தொரு தலைமுறை அரசர்களை அழித்தான் என்கிறது புராணம்.

காமராஜரைப் பற்றி ஒரு கேள்வி வந்தது. குடும்பமே இல்லாதவர், இதே குடியாத்தத்தில் 1954 இடைத்தேர்தலில் வென்றார், அவரை எந்தக் குடும்பம் உருவாக்கியது என்று கேட்டார்கள். நல்ல கேள்வி. ஆனால் அவர் முதலமைச்சராக வர இடம் கொடுத்த சண்டை என்ன? பிள்ளைகள் பாதி நாள் பள்ளிக்கு வரட்டும், மீதி நேரம் வீட்டில் அப்பன் தொழிலைக் கற்கட்டும் என்ற ராஜாஜியின் 1953 திட்டம். மதியத்துக்கு மேல் நெசவாளி வீட்டுப் பிள்ளை தறிக்குப் போகவேண்டுமா, பள்ளியில் இருக்கவேண்டுமா என்ற கேள்வியில் ஓர் ஆட்சி மாறிற்று, ஐயா! வந்தவர் முதலில் அந்தத் திட்டத்தைக் கைவிட்டார். பிறகு பள்ளியிலேயே சோறு போட்டார். பெற்ற தாயை முதலமைச்சர் வீட்டுக்குக் கொண்டுவராமல் விருதுநகரிலேயே வைத்திருந்தார். அதிகாரத்துக்குள் குடும்பம் நுழைந்தால் என்ன ஆகும் என்று அவருக்குத் தெரிந்ததில் பாதியாவது எதிரணிக்குத் தெரிந்திருக்கக் கூடாதா?

மணி அடித்துவிட்டார்கள். அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பருக்கு ஒரு கேள்வியை விட்டுவிட்டுப் போகிறேன். 1742இல் வேலூர்க் கோட்டையில் அந்த மைத்துனர் சப்தர் அலி உயிரோடு விடப்பட்டிருந்தால், அன்வருதீனும் முகமது அலியும் கிளைவும் எந்த வாசல் வழியாக ஆற்காட்டுக்குள் வந்திருப்பார்கள்? இதற்குப் பதில் சொல்லிவிட்டு, பிறகு பீரங்கியைப் பற்றிப் பேசட்டும்.