பரணில் பெட்டி ஏதும் இல்லை

வணக்கம் நேயர்களே. பேச்சைத் தொடங்கும் முன்னால் 12 சொற்கள் சொல்கிறேன். பேனா எடுக்க வேண்டாம், விரல் விட்டு எண்ணவும் வேண்டாம், காதில் விழுந்தால் போதும். பாய். தலையணை. போர்வை. இரவு. கொட்டாவி. கனவு. குறட்டை. தாலாட்டு. தொட்டில். ஓய்வு. சோர்வு. விடியல். அவ்வளவுதான். ஓர் ஓரமாகக் கிடக்கட்டும், பிறகு வந்து கேட்கிறேன்.

இன்றைக்கு எடுத்துக்கொண்டது சிறுவயது நினைவுகள். மறந்துபோனவை, மனதுக்குள் அமுக்கி வைக்கப்பட்டவை என்று சொல்லப்படுபவை. அவற்றைத் திரும்ப எடுக்க முடியுமா? நினைவு என்றாலே நம்மில் பலருக்குப் பரண்மேல் போட்ட ட்ரங்குப் பெட்டிதான் தோன்றும். பூட்டு துருப்பிடித்திருக்கும், சாவி தொலைந்திருக்கும், ஆனால் உள்ளே வைத்தது வைத்தபடி இருக்கும், கெட்டிக்காரர் ஒருவர் பூட்டைத் திறந்துவிட்டால் எல்லாம் கிடைத்துவிடும் என்று எண்ணுகிறோம். அப்படி ஒரு பெட்டி கிடையாது. நினைவு வாசலில் போடும் கோலம் மாதிரி. நேற்றுப் போட்டது இன்று வாசலில் இல்லை. கைப்பழக்கத்தில் இன்று காலை புதிதாகப் போடுகிறோம். புள்ளி ஒன்று தப்பியிருக்கலாம், எதிர்வீட்டு வாசலில் பார்த்த சுழி ஒன்று வந்து சேர்ந்திருக்கலாம். போட்டு முடித்ததும் முழுக் கோலமாகத்தான் தெரியும். எந்தச் சுழி இரவல் என்று கோலத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது. இதை இன்னும் இரண்டு மூன்று தடவை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ழான் பியாஜே என்றொரு சுவிட்சர்லாந்து அறிஞர். பி.எட். படித்தவர்களுக்குப் பழகிய பெயர். குழந்தை எப்படிச் சிந்திக்கக் கற்கிறது என்று ஆராய்வதிலேயே ஆயுளைக் கழித்தவர். அவருக்கு மிகப் பழைய நினைவு ஒன்று இருந்தது. பாரிஸ் நகரம், ஷான்ஸெலிஸே பெருவீதி. தள்ளுவண்டியில் குழந்தை பியாஜே, இடுப்பில் வார். வளர்ப்புத் தாதி வண்டியைத் தள்ளிக்கொண்டு போகிறாள். திடீரென்று ஓர் ஆள் பாய்ந்து குழந்தையைத் தூக்கப் பார்க்கிறான். வார் விடவில்லை. தாதி குறுக்கே நின்று போராடுகிறாள், அவள் முகமெல்லாம் நகக் கீறல். கூட்டம் கூடுகிறது. குட்டை அங்கியும் வெள்ளைத் தடியுமாக ஒரு போலீஸ்காரர் வருகிறார், குழந்தையைத் தூக்க வந்தவன் ஓடிவிடுகிறான். பெரியவரான பிறகும் பியாஜேவின் கண்ணுக்குள் இந்தக் காட்சி அப்படியே நின்றது. அந்தக் கீறல்கள் அவருக்கு மங்கலாகத் தெரிந்தன. பாதாள ரயில் நிலையத்தின் பக்கத்தில்தான் நடந்தது என்று இடத்தையும் சொல்லுவார்.

அவருக்குச் சுமார் 15 வயதானபோது அந்தத் தாதியிடமிருந்து பெற்றோருக்கு ஒரு கடிதம் வந்தது. அவள் சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவ அமைப்பில் சேர்ந்திருந்தாள். பழைய தவறுகளை ஒப்புக்கொள்ள வேண்டும் என்று மனது உறுத்தியிருக்கிறது. குழந்தையைக் காப்பாற்றியதற்காக அந்தக் குடும்பம் பரிசாகக் கொடுத்த கடிகாரத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள். ஏன்? அப்படி ஒரு சம்பவமே நடக்கவில்லை. முழுக்க அவள் கட்டிய கதை. கீறலும் அவளே போட்டுக்கொண்டது.

கொஞ்சம் நின்று யோசியுங்கள். திருடன் இல்லை, கூட்டம் இல்லை, போலீஸ்காரர் இல்லை. ஆனால் வெள்ளைத் தடி மட்டும் பியாஜேவின் கண்ணுக்குள் இருக்கிறது. வீட்டில் பெரியவர்கள் நம்பிச் சொன்ன கதையைக் கேட்டுக் கேட்டு, தானே பார்த்த காட்சியாக மனம் அதை வரைந்துகொண்டது என்று அவரே பின்னால் எழுதினார். அவர் பொய் சொல்லவில்லை. பொய்க்கும் பொய்யான நினைவுக்கும் உள்ள வேறுபாடு இதுதான். பொய் சொல்பவருக்கு உண்மை தெரியும். பொய்யான நினைவு உள்ளவருக்குத் தெரியாது.

இந்தக் கதையிலேயே நம்மைச் சந்தேகப்பட வைக்க வேண்டியது அவருடைய வயது. தள்ளுவண்டியில் போகிற பிராயத்து நினைவு பெரியவரான பின் தங்குவதில்லை. வளர்ந்தவர்களைக் கேட்டால், முதல் நினைவு சராசரியாக மூன்று, மூன்றரை வயதில் இருக்கிறது. அதற்குப் பிறகும் ஆறேழு வயதுவரை திட்டுத் திட்டாகத்தான் இருக்கும். அமெரிக்காவில் பட்ரீஷியா பவர் என்ற ஆய்வாளர், 3 வயதில் தாயோடு பேசிய சம்பவங்களைப் பற்றி அதே குழந்தைகளிடம் சில ஆண்டுகள் கழித்துக் கேட்டார். 5 முதல் 7 வயதுவரை 60 சதவீதத்துக்கு மேல் நினைவிருந்தது. 8, 9 வயதில் அது 40 சதவீதத்துக்குக் கீழே இறங்கிவிட்டது. நினைவு முதலில் பதிகிறது, பிறகு பள்ளிக்கூட வயதில் உதிர்கிறது.

ஏன் உதிர்கிறது? மூளையில் ஹிப்போகாம்பஸ் என்றொரு பகுதி, சம்பவங்களைக் கோத்து வைக்கும் இடம். சிறுவயதில் அங்கே புதிய நரம்புச் செல்கள் ஏராளமாக உருவாகின்றன. புதிய செல்கள் நுழையும்போது பழைய இணைப்புகள் இடம் மாறிப்போகின்றன. டொரான்டோவில் ஷீனா ஜாஸ்லின், பால் ஃபிராங்க்லாண்ட் குழுவினர் 2014இல் இதை எலிகளில் காட்டினார்கள். செல் பெருக்கத்தைக் கூட்டினால் மறதி கூடியது, குட்டிகளில் அதைக் குறைத்தால் நினைவு தங்கியது. ஆகவே ஒரு வயதில் நடந்ததை, தொட்டிலில் கிடந்ததை மீட்டுத் தருகிறேன் என்று யாராவது சொன்னால், தயவுசெய்து எழுந்து வந்துவிடுங்கள்.

சரி, அந்த 12 சொற்கள். 'பாய்' என்று சொன்னேனா? சொன்னேன். 'நாற்காலி'? இல்லை. 'தூக்கம்'? சொன்னார் என்று இப்போது பல வீடுகளில் தலையாட்டியிருப்பீர்கள். சொல்லவில்லை நேயர்களே. தூக்கத்தைச் சுற்றியுள்ள 12 சொற்களைச் சொன்னேன், நடுவில் இருக்க வேண்டியதை உங்கள் மனமே வைத்துக்கொண்டது. ரோடிகர், மெக்டெர்மட் என்ற உளவியல் ஆய்வாளர்கள் இருவர் 1995இல் இதே மாதிரி 12 சொல் பட்டியல்களை மாணவர்களுக்கு வாசித்து, உடனே எழுதச் சொன்னார்கள். சொல்லப்படாத அந்த நடுச்சொல்லை 40 சதவீதம் தடவை எழுதிவிட்டார்கள். சில நிமிடத்தில் ஒரு சொல் நுழைய முடியுமென்றால், 30 ஆண்டில் ஒரு சம்பவம் நுழையாதா?

நுழையும். எலிசபெத் லாஃப்டஸ், ஜாக்குலின் பிக்ரெல் என்ற உளவியல் ஆய்வாளர்கள் இருவரும் செய்த சோதனையை விளக்கமாகச் சொல்கிறேன், செய்முறையில்தான் விஷயம் இருக்கிறது. 24 பேர். ஒவ்வொருவரின் அம்மாவிடமோ அண்ணனிடமோ ஆராய்ச்சியாளர்கள் ரகசியமாகக் கேட்டு, அவருடைய சிறுவயதில் நடந்த மூன்று உண்மைச் சம்பவங்களை வாங்கினார்கள். நான்காவதாக ஒன்றைக் கட்டினார்கள். ஐந்து வயதில் கடைவளாகத்தில் தொலைந்துபோய் அழுதாய், வயதான ஒருவர் தேற்றினார், பிறகு வீட்டாரிடம் சேர்ந்தாய். கதைக்குள் நிஜமான கடைப் பெயர், உடன்பிறந்தவர் பெயர் எல்லாம் உண்டு. நான்கையும் ஒரு சிறு புத்தகமாக்கிக் கொடுத்து, நினைவிருந்தால் எழுதுங்கள், இல்லாவிட்டால் இல்லை என்று எழுதுங்கள் என்றார்கள். பிறகு ஓரிரு வார இடைவெளியில் இரண்டு நேர்காணல். முடிவில் 24 பேரில் 6 பேர், நான்கில் ஒருவர், முழுதாகவோ கொஞ்சமாகவோ நினைவிருப்பதாகச் சொன்னார்கள். ஒன்று பொய், எது என்று கண்டுபிடியுங்கள் என்றபோது 19 பேர் சரியாகச் சொன்னார்கள், 5 பேர் உண்மைச் சம்பவம் ஒன்றைப் பொய் என்றார்கள். 2023இல் 123 பேரை வைத்துத் திரும்பச் செய்தபோது 35 சதவீதம் வந்தது. கடையில் தொலைவதும் கொடுமைக்கு ஆளாவதும் ஒன்றல்ல என்ற மறுப்பு உண்டு. அது நியாயமான மறுப்புதான். ஆனால் கூட்டுப்பொருள்களைக் கவனியுங்கள். நம்பிக்கைக்குரிய ஒருவர், கொஞ்சம் நிஜ விவரம், நினைவுபடுத்திப் பார் என்ற தூண்டுதல், திரும்பத் திரும்பக் கேட்பது.

1980களிலும் 90களிலும் அமெரிக்காவில் சில சிகிச்சை அறைகளில் இதே நான்கும் இருந்தன. மனச்சோர்வு என்றோ சாப்பாட்டுப் பிரச்சினை என்றோ வந்தவரிடம், 'சின்ன வயதில் உங்களுக்குப் பாலியல் கொடுமை நடந்திருக்க வேண்டும், நினைவில்லாததே அதற்கு அடையாளம்' என்று சொன்னவர்கள் இருந்தார்கள். ஹிப்னாடிசம், அரைமயக்கத்தில் ஆழ்த்தும் சோடியம் அமைட்டால் ஊசி, மாதக்கணக்கில் கற்பனைப் பயிற்சி. ஹிப்னாடிசத்தில் ஆள் அதிகமாகப் பேசுவார், உண்மைதான். கூடுதலாக வருவதில் பெரும்பகுதி தவறு. நிச்சயம் மட்டும் கூடிவிடும், ஆபத்து அதில்தான். மகள் அப்பாவைக் குற்றம்சாட்ட, குடும்பங்கள் உடைந்தன. 1994இல் கலிஃபோர்னியாவின் நாபாவில் ஓர் அப்பா சிகிச்சையாளர்கள்மீதே வழக்குப் போட்டு 5 லட்சம் டாலர் தீர்ப்புப் பெற்றார்.

இந்த இடத்தில் கவனமாகக் கேளுங்கள். இதுவரை சொன்னதை வைத்துக்கொண்டு, 'அப்போ பிள்ளைகள் சொல்வதெல்லாம் கற்பனை' என்று யாராவது கிளம்பினால் அது பெரும் அநியாயம். லிண்டா மேயர் வில்லியம்ஸ் என்பவர் 1970களில் குழந்தையாக மருத்துவமனைக்குக் கொண்டுவரப்பட்டு, கொடுமை பதிவான 129 பெண்களை 17 ஆண்டு கழித்துச் சந்தித்தார். 38 சதவீதம் பேர் அந்தச் சம்பவத்தைச் சொல்லவில்லை. சிலர் அப்போது கைக்குழந்தை, சிலர் சொல்ல விரும்பாமல் இருந்திருக்கலாம். ஆனாலும் மருத்துவமனைப் பதிவு இருக்கிறது, நடந்தது நடந்ததுதான். நினைவில்லை என்பதால் நடக்கவில்லை என்றாகாது.

ஆண்டுக்கணக்கில் எண்ணிப் பார்க்காத ஒன்று, பழைய தெருவுக்குள் நுழைந்ததும், ஒரு மருந்து வாசனையில், சட்டென்று வரலாம். அப்போது புரியாதது, தாயானதும் புரிந்து நடுங்க வைக்கலாம். எல்கே கெரார்ட்ஸ் என்ற ஆய்வாளரின் குழுவினர், சிறுவயதுக் கொடுமை நினைவிருப்பதாகச் சொன்னவர்களுக்கு 2007இல் வெளிச்சான்று தேடினார்கள். அந்தக் காலத்திலேயே வேறொருவரிடம் சொல்லியிருக்கிறாரா, அதே ஆளால் இன்னொருவர் பாதிக்கப்பட்டாரா, செய்தவரே ஒப்புக்கொண்டாரா? எப்போதும் மறக்காதவர்களில் 45 சதவீதத்துக்குச் சான்று கிடைத்தது. நினைவு தானாகத் திரும்பி வந்தவர்களில் 37 சதவீதம், கிட்டத்தட்ட அதே அளவு. சிகிச்சையில் தோண்டி எடுத்தவற்றில் ஒன்றுக்கும் கிடைக்கவில்லை. சான்று கிடைக்காததெல்லாம் பொய் என்று அர்த்தமல்ல. ஆனால் தானாக வந்ததும் தோண்டி எடுத்ததும் ஒன்றல்ல. மறுபடியும் கோலத்துக்கு வருகிறேன். தெளிவு சான்றாகாது, கண்ணீர் சான்றாகாது, மங்கலாக இருப்பது பொய்க்கு அடையாளமும் ஆகாது. சான்று வெளியிலிருந்துதான் வர வேண்டும்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டுகிறார்கள், நேரம் நெருங்கிவிட்டது. ஊசி போட்டு அரைமயக்கத்தில் விசாரிக்கும் நார்கோ சோதனை பற்றி நிறையச் சொல்ல நினைத்திருந்தேன். ஒன்று மட்டும்: சம்மதமில்லாமல் அதைச் செய்யக் கூடாது என்று 2010இல் செல்வி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உண்மையை மட்டும் பேச வைக்கும் ஊசி எதுவும் இல்லை.

பழைய நினைவு ஒன்று வந்து உலுக்கினால், யாரிடமும் கேட்கும் முன் தேதி போட்டு எழுதுங்கள். நான் பார்த்தது, பிறர் சொன்னது, நான் யூகிப்பது என்று மூன்றாகப் பிரித்து எழுதுங்கள். அப்புறம் பள்ளி மாற்றுச் சான்றிதழ், ஆஸ்பத்திரிச் சீட்டு, புகைப்படத்தின் பின்னாலுள்ள தேதி, அந்த வருஷம் எந்த வீட்டில் குடியிருந்தோம் என்பதெல்லாம். தாங்க முடியாமல் இருந்தால் 14416, டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண், தமிழிலேயே பேசலாம்.

குழந்தை ஏதாவது சொன்னால், 'அந்த மாமா தொட்டாரா?' என்று கேட்காதீர்கள். 'என்ன நடந்தது, சொல்லு. அப்புறம்?' அவ்வளவுதான். பத்துத் தடவை கேட்டால், முதலில் சொன்னது தப்பு போலிருக்கிறது என்று குழந்தை பதிலை மாற்றும். அதன் வார்த்தையிலேயே குறித்துக்கொண்டு 1098, குழந்தைகள் உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள். குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டப்படி, சீருடை இல்லாத காவல் அதிகாரி, கூடியவரை ஒரு பெண், வீட்டிலோ குழந்தை விரும்பும் இடத்திலோ வாக்குமூலம் வாங்க வேண்டும், கேட்டுப் பெறுங்கள். நன்றி, வணக்கம்.